நடந்தது நடந்ததுதானா?

உலகிலே எத்தனையோ சட்டங்கள் உண்டு. வரி வாங்கச் சட்டம் உண்டு. வாக்களிக்கச் சட்டம் உண்டு. களவு செய்தவனைக் கூண்டிலேற்றச் சட்டம் உண்டு. ஆனால், ஐயத்தை அகற்றுவதற்கென்றே ஒரு சட்டம் இயற்றப்பட்டது என்றால் நம்புவீர்களா, தோழர்களே? இயற்றப்பட்டது! ஆஸ்திரேலியக் கண்டத்துக்குத் தெற்கே, கடல் நடுவே கிடக்கும் டாஸ்மேனியத் தீவிலே, 1972-ஆம் ஆண்டு நிறைவேறிய சட்டம் அது. 'நீர்மின் ஆணையம் — ஐயங்கள் அகற்றும் சட்டம்' என்பது அதன் பெயர். கேலிக்காக நாம் சூட்டிய பெயரல்ல. சட்டப் புத்தகத்தில் உள்ள பெயர்.

ஐயம் எதனால் எழுந்தது? பெடர் ஏரி என்றோர் ஏரி; மலைகள் சூழ்ந்த தென்மேற்குக் கானகத்தின் நடுவே இருந்தது. 1955-இல் அதைத் தேசியப் பூங்கா என்று அறிவித்து, காப்போம் என்று வாக்களித்தது அரசு. பன்னிரண்டு ஆண்டு கழித்து, 1967-இல், மின்னாற்றலுக்காக அதை மூழ்கடிக்கும் திட்டத்துக்கு அதே நாட்டின் சட்டமன்றம் ஒப்புதல் தந்தது. காப்போம் என்ற கையே கவிழ்க்கலாமா, சட்டம் அதற்கு இடந்தருகிறதா என்று சிலர் நீதிமன்றத்திலே கேட்க விரும்பினர். அப்படிக் கேட்க அரசின் தலைமை வழக்கறிஞருடைய இசைவு தேவை. அந்தப் பதவியில் இருந்த எவரெட், வழக்கு மன்றம் கேட்டு முடிவு செய்யட்டும் என்ற எண்ணம் உடையவர். முதலமைச்சர் எரிக் ரீஸ் ஒப்பவில்லை. எவரெட் பதவி துறந்தார், அந்தப் பொறுப்பையும் முதலமைச்சரே ஏற்றார், இசைவு மறுக்கப்பட்டது. பிறகு வந்தது ஐயம் அகற்றும் சட்டம். கேள்விக்கு விடை சொல்லவில்லை. கேள்வியையே இல்லாமற் செய்துவிட்டனர்.

இவ்வளவையும் நாம் தேடிப் படிக்கக் காரணம் ஒரு மாணவன். ஆஸ்திரேலியாவின் படத்தைப் பலகையில் வரைந்து, டாஸ்மேனியாவில் நீர்மின் நிலையங்கள் பல உண்டு, அதற்காக ஒரு ஏரியே நீரில் மூழ்கியது என்று பாடம் சொல்லிக்கொண்டிருந்தோம். கடைசி வரிசையிலிருந்து ஒருவன் எழுந்தான். "ஏரியே தண்ணீர்தானே, அய்யா! அது எப்படித் தண்ணீரில் மூழ்கும்?" என்றான். வகுப்பு சிரித்தது, நாமும் சிரித்தோம். அவன் உட்காரவில்லை. "அப்படியானால் அந்தப் பழைய ஏரி இன்னும் உள்ளேயே இருக்கிறதா, அய்யா?" என்றான். சிரிப்பு நின்றது. விடை நம்மிடம் இல்லை. நாளை சொல்கிறோம் என்று சொல்லிப் பாடத்தை முடித்தோம்.

உள்ளேதான் இருக்கிறது என்பதே விடை. அந்த விடைதான் நம்மைத் தூங்கவிடாமற் செய்தது.

பழைய ஏரி பெரியதல்ல. ஏறத்தாழப் பத்துச் சதுரக் கிலோமீட்டர். ஆனால் அதன் கிழக்குக் கரையிலே, வெண்கல் பாறை நொறுங்கிப் பொடியாகி உண்டான மணற்பரப்பு, மூன்று கிலோமீட்டர் அளவுக்கு நீண்டு கிடந்தது. வெண்மையில் இளஞ்சிவப்புக் கலந்த நிறம். கோடை முற்றி நீர் வற்றும் நாட்களில் அந்த மணற்கரை நூற்றுக்கணக்கான மீட்டர் அகலம் விரியும். சிறு வானூர்திகள் அதன்மீதே வந்து இறங்கும். அதைக் காணச் சாலை கிடையாது; நாட்கணக்கில் நடந்து போனவர்களும், வானூர்தியில் வந்து இறங்கியவர்களுமே கண்டார்கள். லித்துவேனியாவிலிருந்து அகதியாக வந்து குடியேறிய ஓலெகாஸ் டுருகானாஸ் என்பவர், நீர்மின் ஆணையத்திலேயே ஊழியர். ஓய்வு கிடைத்த நாளெல்லாம் அந்த ஏரியைப் படமெடுத்தார். 1967-இல் மூண்ட பெருந்தீயில் அவர் வீடும் படங்களும் எரிந்து சாம்பலாயின. சோர்ந்து உட்காரவில்லை. மறுபடியும் நடந்தார், மறுபடியும் எடுத்தார், ஹோபார்ட் நகர மண்டபத்திலே அவற்றைத் திரையில் காட்டினார். 1972 சனவரியில் கார்டன் ஆற்றிலே அவர் மூழ்கி இறந்தார். அதே ஆண்டில் ஏரியும் மூழ்கியது.

செர்ப்பன்டைன், ஸ்காட்ஸ் பீக், எட்கர் என மூன்று அணைகள். அவற்றின் பின்னே தேங்கிய நீர் 240 சதுரக் கிலோமீட்டருக்கு மேல் பரந்தது; பழைய ஏரியின் மட்டத்துக்கு மேல் ஏறத்தாழ 15 மீட்டர் உயர்ந்தது. அந்த நீர் ஒரு கால்வாய் வழியே கார்டன் நீர்த்தேக்கத்தில் கலந்து, 140 மீட்டர் உயர அணையின் அருகே நிலத்தடியில் அமைந்த 432 மெகாவாட் மின் நிலையத்தைச் சுழற்றுகிறது. ஆணையத்தின் ஏடுகளில் இந்தப் புது நீர்ப்பரப்புக்கு ஹியூவான்–செர்ப்பன்டைன் தேக்கம் என்ற பெயர் இருந்தது. நாட்டிலே வழங்கியது என்னவோ பெடர் ஏரி என்ற பழைய பெயர்தான். ஏரி போயிற்று, ஏரியின் பெயர் தேக்கத்துக்கு முகமூடியாயிற்று. 'ஏரி எங்கே?' என்று கேட்பவனுக்கு, 'இதோ, முன்னைவிடப் பெரிதாகவே இருக்கிறதே!' என்று காட்டிவிடலாம் அல்லவா!

இங்கே ஒன்றை ஒளிக்காமல் சொல்லிவிட வேண்டும். முதலில் நாம் அணையின் பக்கமே நின்றோம். பகுத்தறிவை நம்புகிறவர்கள் மின்விளக்கைப் பழிக்க முடியுமா? ஆண்டுக்கு ஒருமுறை திருவிழாவில் ஏற்றும் தீவட்டியைவிட, அன்றாடம் குடிசையில் எரியும் ஒரு விளக்கு உயர்ந்தது என்பதே நம் நம்பிக்கை. டாஸ்மேனியா வளம் குறைந்த தீவு. 1916-இல் வடாமனா மின் நிலையம் இயங்கத் தொடங்கிய நாள் முதல், ஆறுகளின் ஆற்றலே அந்தத் தீவுக்குத் தொழிலும் கூலியும் தந்தது. துத்தநாக ஆலை வந்தது. அலுமினிய ஆலை வந்தது. ஐரோப்பியப் போரிலே வீடிழந்து வந்த ஆயிரமாயிரம் பேர் அணை வேலையில் வாழ்வு கண்டனர். மணற்கரையின் அழகைக் காண வானூர்தி ஏறிப் போகிறவனுக்காக, ஆலைத் தொழிலாளியின் அடுப்பை அணைக்கலாமா என்று யாராவது கேட்டால், அந்தக் கேள்வியில் நேர்மை இருக்கிறது. அதைப் புறந்தள்ளிவிட்டு எழுதும் கட்டுரை, உண்டு களித்தவன் எழுதும் கட்டுரையாகவே இருக்கும்.

எனினும் படிக்கப் படிக்க ஒன்று தெரிந்தது. அங்கே நடந்தது விளக்குக்கும் ஏரிக்கும் இடையே நடந்த வழக்கல்ல. வழக்கே நடக்கவில்லை! மாற்று வழி உண்டா, எவ்வளவு செலவாகும், ஏரியை விட்டுவிட்டு ஆற்றை மட்டும் பயன்படுத்தினால் எவ்வளவு மின்சாரம் குறையும் — இவை மக்கள் முன் விரித்து வைக்கப்படவில்லை. ஆணையம் சொன்னது, ஆட்சி ஒப்பியது. ஆயிரக்கணக்கானோர் கையெழுத்திட்டனர், பயனில்லை. 1972 மார்ச்சிலே ஹோபார்ட்டில் கூடி, ஐக்கிய டாஸ்மேனியக் குழு என்ற கட்சியைத் தொடங்கினர் — சூழல் காக்க உலகில் எழுந்த முதல் அரசியல் கட்சி என்று வரலாறு அதைக் குறிக்கிறது. தேர்தலில் நின்றனர், ஓரிடமும் கிட்டவில்லை. செப்டம்பர் 8-ஆம் நாள், பிரெண்டா ஹீன் என்ற அம்மையாரும் மாக்ஸ் பிரைஸ் என்ற விமானியும் ஒரு பழைய சிறு விமானத்தில் கான்பெரா நகர் நோக்கிப் பறந்தனர். ஏரியைக் காப்பாற்றுங்கள் என்று தலைநகரின் வானிலே புகையால் எழுதுவது அவர்கள் எண்ணம். விமானம் போய்ச் சேரவில்லை. அவர்களும் கிடைக்கவில்லை, விமானமும் இன்றுவரை கிடைக்கவில்லை.

மறு ஆண்டு, மைய அரசு அமைத்த விசாரணைக் குழு, நீரை வடித்து ஏரியை மீட்கலாம், பொறுத்திருந்து முடிவு செய்யுங்கள் என்றது. செலவைத் தாமே ஏற்பதாகவும் மைய அரசு முன்வந்தது. வேண்டாம் என்றது டாஸ்மேனிய அரசு! பணம் தருகிறோம் என்றாலும் வேண்டாம் என்கிறவனுடைய உள்ளத்திலே இருப்பது கணக்கு அல்ல. எழுப்பிய அணை என்னும் சிலையை யார் சொன்னாலும் பெயர்க்கமாட்டேன் என்ற பிடிவாதம். ஆறுகளைத் தடுத்து ஆலை வளர்ப்பது முதலில் ஒரு திட்டமாயிருந்தது; பிறகு மதமாயிற்று. மதமான பின் கேட்பவன் துரோகி, தயங்குபவன் கோழை. சாமியாடிக்கு மட்டுமல்ல, பொறியாளருக்கும் இந்த நோய் வரும் என்பதை நாம் அங்கே கற்றோம்.

மறுபக்கத்தாரையும் அப்படியே ஏற்றுக்கொண்டோம் என்று எண்ணிவிட வேண்டாம். ஏரியைக் காக்க எழுந்தவர்களில் சிலர் அதைக் கோயில் என்றனர். தூய்மையானது, மனிதன் தீண்டாதது என்றனர். இந்தப் பேச்சு நமக்கு ஒவ்வவில்லை. தீண்டாதது என்ற சொல்லைக் கேட்டாலே நமக்கு ஐயம் வரும். வரத்தான் வேண்டும். மனிதன் தீண்டாத நிலமா அது? பனியூழிக் காலத்திலேயே, பல்லாயிரம் ஆண்டுகளுக்கு முன், அந்தத் தென்மேற்கிலே மக்கள் வாழ்ந்த தடங்கள் குகைகளில் கிடைத்துள்ளன. வெள்ளையர் வந்த பின்னும் அந்தக் கடற்கரையில் பழங்குடி மக்கள் இருந்தனர். 1830-களின் தொடக்கத்திலே ஜார்ஜ் அகஸ்டஸ் ராபின்சன் என்பவர், நட்புத் தூது என்ற பெயரில் சென்று, அவர்களைத் திரட்டிப் பிளிண்டர்ஸ் தீவுக்கு அனுப்பினார். அங்கே நோயிலும் ஏக்கத்திலும் மடிந்தவர் பலர். மக்களை அகற்றிய பிறகு, 1835-இல், ஒரு நில அளவையாளர் அந்த ஏரியைக் கண்டு, குடியேற்றத்தின் தலைமை நீதிபதியான ஜான் பெடரின் பெயரைச் சூட்டினார். மஸ்கிட்டோ என்று வெள்ளையர் அழைத்த பழங்குடி வீரர், அந்த நீதிபதியின் மன்றத்திலே தண்டிக்கப்பட்டு 1825-இல் தூக்கிலேறினார். ஆளில்லாக் கானகம் என்று பின்னாளில் எல்லாரும் வியந்தது, ஆளில்லாமற் செய்யப்பட்ட கானகம். ஆகவே, மீட்போம் என்கிறவர்களை நோக்கி, எந்த நாளுக்கு மீட்பீர்கள், 1971-க்கா, 1830-க்கா என்று கேட்பது குதர்க்கமல்ல. மணலை மட்டும் மீட்டு, மண்ணுக்குரியவரை மறப்பது அரை மீட்பு.

இனி, மெய்யியலார் எழுப்பும் கேள்விக்கு வருவோம். ராபர்ட் எலியட் என்ற ஆஸ்திரேலிய அறிஞர், இயற்கையைப் போலி செய்வது பற்றி 1982-இல் ஒரு கட்டுரை எழுதினார். தோண்டிக் கெடுத்த நிலத்தை மறுபடி பழையபடியே ஆக்கித் தருகிறோம் என்று சுரங்கக்காரர் சொன்னால் ஒப்பலாமா என்பது அவர் கேள்வி. பார்வைக்கு வேறுபாடே தெரியாமற் செய்தாலும், அது போலி ஓவியம் போன்றது; தோன்றிய வரலாறு வேறாகிவிட்டது; ஆகவே மதிப்பும் குறைந்துவிட்டது என்கிறார் அவர். கூர்மையான வாதம். அழிப்பவன் கையில், 'பிறகு சரிசெய்துவிடுவோம்' என்ற சாக்கு கிடைக்காமற் செய்ய எழுந்த வாதம் அது. அந்த அளவுக்கு நாம் அவர் பக்கமே.

பெடர் ஏரிக்கு அது பொருந்துமா? 1990-களில் நீர்மூழ்குவோர் அடியிலே சென்று பார்த்தனர். மணற்கரை கலையவில்லை, மணல்மேடுகள் கரையவில்லை, மேலே படிந்திருந்தது சில மில்லிமீட்டர் வண்டல்! புதிதாக மணல் கொட்டப்போவதில்லை, கரை கட்டப்போவதில்லை. மேலே உள்ளதை அகற்றினால் கீழே உள்ளது தெரியும். சுவரோவியத்தின்மீது எவனோ சுண்ணாம்பு பூசிவிட்டான். சுண்ணாம்பைச் சுரண்டி எடுத்த பின் தெரியும் ஓவியத்தைப் போலி என்பாருண்டோ? நம் மாணவன் கேட்டது இதைத்தான். உள்ளேயே இருப்பது எப்படிப் போலியாகும்?

ஆனால், எல்லாமா உள்ளே இருக்கிறது? இல்லை. 1971-இல் அந்த மணற்கரையிலே ஒரு மண்புழு கிடைத்தது. ஒன்றே ஒன்று. அதுவரை அறிவியல் அறியாத இனம். கரை மூழ்கிய பின் தேடினார்கள், மறுபடி கிடைக்கவில்லை, அற்றுப்போன உயிர்களின் பட்டியலில் அதைச் சேர்த்துவிட்டனர். ஒரு புழுதானே என்று உதட்டைப் பிதுக்குவோர் இருப்பர். புழுவுக்காக நாம் கண்ணீர் வடிக்கவில்லை; ஒரு நூலின் முதற்பக்கத்தைப் புரட்டியவுடன் நூலகத்தை மூழ்கடித்தார்களே, அதற்காக வருந்துகிறோம். பெடர் கேலாக்சியாஸ் என்ற சிறுமீனின் கதை சற்றே வேறு. விரிந்த நீரிலே வேறு மீன்கள் பெருகி அதன் இடத்தைப் பறித்தன. பிறந்த ஏரியில் அது இல்லாமலே போயிற்று. முற்றும் அழியுமுன் சிலவற்றைப் பிடித்து, 1990-களில் மலைமேலுள்ள ஓபரான் ஏரியில் விட்டனர். அங்கே பிழைத்திருக்கிறது. மணற்கரையை மீட்கலாம், மீனை, தக்க இடம் அமைந்தால், திருப்பி அழைக்கலாம், புழுவை மீட்க முடியாது. திரும்பக் கூடியது எது, திரும்பாதது எது என்று பிரித்தறிவதுதான் இங்கே அறிவின் வேலை. 'எல்லாம் முன்போலாகும்' என்பவன் பொய் சொல்கிறான்.

'எதுவுமே ஆகாது' என்பவனும் பொய்தான் சொல்கிறான். நமக்கு அதிகம் உறுத்துவது இந்த இரண்டாம் பொய்யே. ஐம்பதாண்டுகளாக அங்கே கேட்கும் மறுமொழி என்ன? நடந்தது நடந்துவிட்டது, இனிப் பேசி என்ன பயன்? தோழர்களே, இந்தக் குரலை நாம் வேறெங்கோ கேட்டதில்லையா? தலையில் எழுதியது, பிறப்பில் வந்தது, மாற்ற யாரால் முடியும் என்று நம் பாட்டன்மார்க்குச் சொல்லப்பட்டதே, அதே குரல்! அங்கே விதி என்றனர்; இங்கே வரலாறு என்கின்றனர். சொல் வேறு, சோம்பல் ஒன்று. அணையை எழுப்பியது ஊழ்வினையல்ல. பெயர் உள்ள மனிதர், தேதி உள்ள தீர்மானத்தால் எழுப்பியது. தீர்மானத்தால் வந்ததைத் தீர்மானத்தால் மாற்றலாம். அமெரிக்காவில் எல்வா ஆற்றின் குறுக்கே 1913-இலும் 1927-இலும் எழுந்த இரு மின் அணைகளை 2011 முதல் 2014 வரை உடைத்து எடுத்தனர். நூறாண்டாக அணைக்குக் கீழேயே முட்டித் திரும்பிய சால்மன் மீன்கள் மேலேறிச் சென்றன. கிளாமத் ஆற்றின் நான்கு அணைகள் 2024-க்குள் அகற்றப்பட்டன. அவை பழைய அணைகள், பெடர் அளவுக்குப் பெரிய மின் நிலையத்துக்கு நீர் தருபவை அல்ல என்பது உண்மை. ஆயினும், அணை என்றால் அசையாதது என்ற எண்ணம் அங்கே உடைந்தது.

பெடர் ஏரியை மீட்க 1994-இல் ஓர் இயக்கம் எழுந்தது. மறு ஆண்டு ஆஸ்திரேலிய நாடாளுமன்றக் குழுவொன்று ஆராய்ந்து, தொழில்நுட்ப முறையில் இது செய்யக்கூடியதே என்றது. செலவைக் கருதினால் பரிந்துரைப்பதற்கில்லை என்றும் சேர்த்துச் சொன்னது. இப்போது, ஆஸ்திரேலியப் பசுமைக் கட்சியின் முன்னாள் தலைவர் கிறிஸ்டின் மில்ன் போன்றோர் மறுபடி அதே கோரிக்கையை எழுப்பியுள்ளனர். அவர்கள் கையில் ஒரு புதிய வாதமும் கிடைத்திருக்கிறது. எட்கர் அணையின் அருகே நிலப்பிளவு ஒன்று ஓடுகிறது. நிலநடுக்கத்தைத் தாங்க அணைகளை வலுப்படுத்த வேண்டும் என்று மின் நிறுவனமே சொல்கிறது. எப்படியும் பணத்தைக் கொட்டத்தான் போகிறீர்கள். மூடிவைக்கக் கொட்டுவதா, திறந்துவிடக் கொட்டுவதா என்பது அவர்கள் கேள்வி.

எதிர்க்கணக்கையும் பார்ப்போம். கார்டன் மின் நிலையத்துக்குப் போகும் நீரில் ஏறத்தாழ ஐந்தில் இரண்டு பங்கு பெடரிலிருந்து வருவது. நிலக்கரிப் புகையால் உலகமே சூடேறிவரும் இந்நாளில், புகையில்லா மின்சாரத்தை ஒருவன் விட்டுக்கொடுத்தால், அதை எங்கேயாவது எவனாவது வேறு வகையில் ஈடுசெய்தாக வேண்டும். காற்றாலையால் ஈடு செய்யலாம் என்கின்றனர் மீட்பாளர். செய்யலாம்தான்; ஆனால் முதலில் செய்துகாட்டிவிட்டு, பிறகு மடையைத் திறக்கட்டும் என்பதே நம் கருத்து. நீரை வடித்தால் 200 சதுரக் கிலோமீட்டருக்கு மேற்பட்ட நிலம் வெளிப்படும். முதலாண்டுகளில் அது பூங்காவாகக் காட்சி தராது, பட்டுப்போன கட்டைகளும் சேறுமாகத்தான் கிடக்கும். அந்தச் சேற்றின் படத்தைக் காட்டி, 'பார்த்தீர்களா!' என்று சிரிக்கப் பலர் காத்திருப்பர். ஏரியை அறியாமல், தேக்கத்தையே ஏரியென்று கண்டு, அதில் மீன்பிடித்து வளர்ந்த தலைமுறையும் அங்கே உண்டு. அவர்களுக்கு அது பொய்யான ஏரி அன்று; அவர்கள் இழப்பும் இழப்பே. கடன் வாங்கியவர் இறந்துவிட்டார். வட்டி கட்டச் சொல்வது பேரனிடம். பேரன் முணுமுணுப்பதில் வியப்பென்ன?

ஆனால் அந்தப் பேரன்தான் இத்தனை நாளும் அந்த வெளிச்சத்தில் படித்தவன். அப்பன் தேடிய சொத்து வேண்டும், அப்பன் பட்ட கடன் வேண்டாம் என்று எந்த நீதிமன்றத்திலும் சொல்ல முடியாது. அவனுக்குக் குறைந்தது ஒரு கடமை உண்டு: 1972-இல் கேட்க விடாமல் தடுத்த கேள்வியைக் கேட்க விடுவது. கணக்கு முழுவதையும் வெளியில் வைத்து, பழங்குடியினரையும் மீன்பிடிப்பவரையும் மின் தொழிலாளரையும் ஒரே அவையில் உட்காரவைத்துக் கேட்பது. கேட்ட பிறகு, மூழ்கியே கிடக்கட்டும் என்று அவர்கள் முடிவு செய்தால், அந்த முடிவில் நமக்கு வருத்தம் இருக்கும். அதைக் குறைகூற உரிமை இருக்காது.

மறுநாள் வகுப்பிலே அந்த மாணவனை எழுப்பினோம். "இருக்கிறது, மணல்கூடக் கலையவில்லை" என்றோம். சற்று நேரம் யோசித்தான்.

"அந்த மீனுக்குத் தெரியுமா, அய்யா?" என்றான்.